விற்காதே, வாடகைக்கு விடாதே, இடிக்காதே

ஜப்பான்னு சொன்னதும் நமக்கு புல்லட் ரயிலும் ரோபோவும்தான் ஞாபகம் வரும். அதே ஜப்பான்ல, கிஃபு மாகாணத்து மலைகளுக்கு நடுவுல ஷிரகவாகோன்னு ஒரு இடம் இருக்கு மக்களே. அங்கே ஒகிமாச்சி கிராமத்துல இன்னமும் புல்கூரை வீடுகள்ல ஜனங்க குடியிருக்காங்க.

இதுக்கு 'கஸ்ஷோ' பாணின்னு பேரு. கஸ்ஷோன்னா கைகூப்புறது. கும்பிடும்போது ரெண்டு கையும் சேர்ந்து நிக்கிற மாதிரி செங்குத்தான கூரை, கொட்டுற பனி வழுக்கி விழணுமே! கூரைச் சட்டத்துல ஆணி கிடையாது, கயிறும் முறுக்கின மரக்கிளையும்தான். பரண்ல பட்டுப்புழு வளர்த்தாங்க. தரைக்கு அடியில துப்பாக்கி மருந்துக்கான வெடியுப்பு தயாரிச்சாங்க. விளைநிலம் குறைவான ஊருக்கு இதெல்லாம்தான் காசு.

இந்தக் கூரையை சில பத்து வருஷத்துக்கு ஒரு தடவை மாத்தியாகணும். ஒரு குடும்பத்தால முடியாது. அதனால ஊரே வந்து கை கொடுக்கும். இந்த முறைக்கு 'யுய்'னு பேரு. யார் வீட்டுக்கு யார் வந்து எவ்வளவு உழைச்சாங்கன்னு எழுதி வெச்சுக்குவாங்க. நம்ம மொய் நோட்டுதான், பணத்துக்குப் பதிலா உழைப்பு :-)

போருக்குப் பிறகு நிலைமை மாறிச்சு. 1961ல முடிஞ்ச மிபோரோ அணையில சில குடியிருப்புகள் மூழ்கிப்போச்சு. பலர் ஊரை விட்டே கிளம்பினாங்க. வீடுகள் வெளியூருக்கு விலைபோக ஆரம்பிச்சது. அப்பத்தான் 1971ல ஒகிமாச்சி மக்கள் கூடி மூணு விதி போட்டாங்க, அதைத்தான் தலைப்புல வெச்சிருக்கேன். கவனிங்க, அரசாங்கப் பாதுகாப்பு வந்தது 1976லதான். யுனெஸ்கோ பட்டியல்ல சேர்ந்தது 1995ல.

அதுக்கப்புறம் கூட்டம்னா கூட்டம். ஊர்த்தலைவரா இருந்த வாதா குடும்பத்தோட பெரிய வீட்டை இப்போ டிக்கெட் வாங்கிட்டுப் பார்க்கலாம். குடும்பம் அதே வீட்டோட இன்னொரு பகுதியில குடியிருக்கு. அடுத்தவன் வீட்டுக் கூடத்துல நின்னு நாம போட்டோ எடுக்கிறோம்! ஒரு சிகரெட் நெருப்பு பட்டாலும் ஊரே போயிடும். அதனால வருஷா வருஷம் தண்ணி பீய்ச்சி ஒத்திகை பார்க்கிறாங்க. குளிர்கால விளக்கு அலங்காரத்தைப் பார்க்க 2019லேர்ந்து முன்பதிவு கட்டாயம்.

சுற்றுலாக் காசு இல்லைன்னா கூரை மாத்துறது கஷ்டம். சுற்றுலா ரொம்பவே பெருகினா அங்க வாழுறது கஷ்டம். அந்த மூணு விதியும் வீட்டைக் காப்பாத்திடுச்சு. ஆனா கூரை மேல ஏற அடுத்த தலைமுறை ஊர்ல இருக்கணுமே, அதுக்கு எந்த விதி போடுறது? உங்களுக்கு ஏதாவது தோணினா சொல்லுங்க.