பாலிகைப் பயறும் பட்டாணித் தொட்டியும்

தஞ்சை மாவட்டத் திருமண வீடுகளில் பாலிகை தெளிக்கும் சடங்கைப் பலரும் பார்த்திருப்பர். சிறு மண் கிண்ணங்களில் மண்ணை நிரப்பி, ஊறவைத்த நெல், எள், கடுகு, உளுந்து, பயறு முதலிய விதைகளைப் பெண்கள் அதில் தெளிப்பர். பாலும் நீரும் விடுவர். ஓரிரு நாட்களில் முளைகள் கிளம்பும். சடங்குகள் முடிந்ததும் அவற்றை ஆற்றிலோ குளத்திலோ சேர்த்துவிடுவர். கோயில் திருவிழாக்களின் தொடக்கத்தில் நடைபெறும் அங்குரார்ப்பணமும், அம்மன் கோயில் முளைப்பாரியும் இவ்வகையைச் சேர்ந்தவையே. சிறு கலத்தில் பயறு வளர்க்கும் இவ்வழக்கம் எவ்வளவு பழமையானது? அதில் அடங்கியுள்ள அறிவியல் உண்மைகள் யாவை?

புகார் நகரில் பாலிகை

காவிரி கடலோடு கலக்கும் இடத்தில் இருந்த பூம்புகாரில் கோவலனுக்கும் கண்ணகிக்கும் நடந்த திருமணத்தைச் சிலப்பதிகாரம் விவரிக்கிறது. அங்கு மங்கலப் பொருள்களை ஏந்தி வரும் பெண்களின் கைகளில் பாலிகையும் முளைக்குடமும் உள்ளன. அந்நூலின் காலம் பற்றி அறிஞரிடையே கருத்து வேறுபாடு உண்டு. எனினும் அது ஆயிரம் ஆண்டுகளுக்கு மேற்பட்டது என்பதில் ஐயமில்லை. ஆகவே கலத்தில் விதை முளைக்க வைப்பது காவிரிக் கரைக்குப் புதியதன்று.

வெளிறிய முளைகள்

முளைப்பாரியை ஒளி படாத அறையில் வைத்து வளர்ப்பது வழக்கம். அதனால் முளைகள் நீண்டு, மெலிந்து, வெளிர் மஞ்சளாக இருக்கும். ஒளி இல்லாதபோது இச்செடிகளில் பச்சையம் உண்டாவதில்லை. ஒளியைத் தேடி மேலே செல்வதற்கே முளை தன் ஆற்றலைச் செலவிடுகிறது. மண்ணுக்குள் ஆழமாகப் புதைந்த விதை வெளியே வருவதும் இந்த இயல்பினால்தான்.

பச்சையம் இல்லாத முளை எதை உண்டு வளர்கிறது? உளுந்தின் இரு பருப்புகளே அதன் வித்திலைகள். அவற்றில் மாவுப்பொருளும் புரதமும் சேமிக்கப்பட்டுள்ளன. அந்தச் சேமிப்பு தீரும்வரை முளைக்கு வெளியுணவு தேவையில்லை. அது தீரும் முன்பே சடங்கு முடிந்து, பாலிகை நீரில் கரைந்துவிடும். எனவே, ‘சேமிப்பு தீர்ந்த பின் செடி எதைக் கொண்டு வாழும்?’ என்ற கேள்வி அங்கு எழ வாய்ப்பில்லை. அக்கேள்விக்கு விடை தந்ததும் ஒரு தொட்டிதான்.

தொட்டி தந்த விடை

நெல்லும் கோதுமையும் விளைந்த நிலம் எருவை வேண்டுகிறது. பயறு விளைந்த நிலத்திலோ அடுத்த பயிர் செழிக்கிறது. உழவர் பன்னெடுங்காலமாக அறிந்த இவ்வுண்மைக்குக் காரணம் தெரியவில்லை. பயறு காற்றிலுள்ள நைட்ரஜனை எடுத்துக்கொள்கிறதா? இதனை அறிய இங்கிலாந்தின் ரோதம்ஸ்டெட் ஆய்வு நிலையத்தில் லாஸ், கில்பர்ட், பியூ ஆகியோர் 1857, 1858 ஆண்டுகளில் கண்ணாடிக் கூண்டுகளுக்குள் செடிகளை வளர்த்தனர். பிழை நேரக்கூடாது என்று மண்ணை நன்கு சுட்டும் வைத்தனர். செடிகள் காற்றிலிருந்து நைட்ரஜனைப் பெறவில்லை. சோதனையில் குறையில்லை; ஆனால் மண்ணைச் சுட்டபோது அதில் வாழ்ந்த நுண்ணுயிர்களும் மடிந்துபோனதை எவரும் எண்ணவில்லை.

சுமார் 30 ஆண்டுகளுக்குப் பின் ஜெர்மனியில் ஹெல்ரீகல், வில்ஃபார்த் என்ற இருவர் நைட்ரஜன் இல்லாத மணலைத் தொட்டிகளில் நிரப்பிப் பட்டாணியையும் ஓட்ஸ் தானியத்தையும் வளர்த்தனர். ஓட்ஸ் வாடியது. பட்டாணியோ விதைச் சேமிப்பு தீர்ந்ததும் சிறிது காலம் வெளிறி நின்றது; பிறகு சில தொட்டிகளில் மட்டும் பசுமை பெற்றுத் தழைத்தது. தழைத்த செடிகளின் வேர்களில் முடிச்சுகள் இருந்தன. சூடேற்றிய மணலில் முடிச்சும் இல்லை, வளர்ச்சியும் இல்லை. அதே மணலில் வளமான மண்ணைக் கலக்கிய நீரைச் சிறிது ஊற்றியதும் பட்டாணி பிழைத்தது. முடிச்சுகளில் வாழும் நுண்ணுயிர்களே காற்றிலுள்ள நைட்ரஜனைச் செடிக்கு உணவாக்கித் தருகின்றன என்பது புலனாயிற்று. ஹெல்ரீகல் இதனை 1886இல் பெர்லினில் அறிவித்தார். 1888இல் ஹாலந்து நாட்டின் பெய்ஜரிங்க் அந்தப் பாக்டீரியாவைத் தனியே பிரித்து வளர்த்துக் காட்டினார். அதுவே ரைசோபியம்.

நம் வயலில்

காவிரிப் படுகையில் சம்பா, தாளடி அறுவடைக்குச் சில நாட்களுக்கு முன், மண் மெழுகுப் பதத்தில் இருக்கும்போது, நிற்கும் நெல்லுக்கு இடையே உளுந்தையும் பச்சைப் பயறையும் தெளிப்பது வழக்கம். மேட்டூர் அணையிலிருந்து பாசன நீர் விடுவது வழக்கமாக ஜனவரி 28உடன் நிறுத்தப்படும். அதன்பின் மண்ணில் எஞ்சிய ஈரமும் பனியுமே பயிருக்குத் துணை. நீரும் உரமும் மிகுதியாக வேண்டாத இப்பயிருக்குத் தழைச்சத்தைத் தேடித் தருபவை வேர்முடிச்சுகளே. 1922இல் தொடங்கப்பட்ட ஆடுதுறை நெல் ஆராய்ச்சி நிலையம், நெல் தரிசுக்கு ஏற்ற உளுந்து இரகங்களையும் தந்துள்ளது. விதைக்கும் முன் ரைசோபியத்தை ஆறிய அரிசிக் கஞ்சியில் குழைத்து, விதைமீது பூசி, நிழலில் உலர்த்தும் முறையும் பரவியுள்ளது.

ஆனால் ஒன்றை மறக்கலாகாது. செடி சேர்த்த நைட்ரஜனில் பெரும்பகுதி பருப்போடு வீட்டுக்கு வந்துவிடுகிறது. செடியை வேரோடு பிடுங்கினால் முடிச்சுகளும் வயலை விட்டு நீங்கும். அடியில் அறுத்து, வேரை மண்ணிலேயே விட்டால்தான் அடுத்துவரும் நெல்லுக்கு ஒரு பங்கு கிடைக்கும்.

மாணவர்கள் இதனைத் தாமே சோதித்துப் பார்க்கலாம். கழுவிய ஆற்று மணலை நன்கு கொதிக்கவைத்து, ஆறியபின் அடியில் துளையிட்ட இரு சிறு தொட்டிகளில் இடுங்கள். இரண்டிலும் சிறிது அடுப்புச் சாம்பலைக் கலந்து, நான்கைந்து உளுந்து விதைகளை ஊன்றி வெயில்படும் இடத்தில் வையுங்கள். ஒன்றில் மட்டும் உளுந்து வயலின் மண்ணைக் கரைத்த நீரை ஊற்றுங்கள். மற்றதற்குக் கொதித்து ஆறிய நீரே போதும். ஒரு மாதம் கழித்து வேர்களைக் கழுவி ஒப்பிடுங்கள். முடிச்சு ஒன்றைக் கிள்ளிப் பாருங்கள். உள்ளே இளஞ்சிவப்பாக இருந்தால் அது நைட்ரஜனைச் சேர்க்கும் பணியில் இருக்கிறது என்று கொள்ளலாம்.