சுகிர்தராணி

சுகிர்தராணி தமிழ்நாட்டைச் சேர்ந்த தற்காலக் கவிஞரும் தமிழாசிரியரும் ஆவார். பெண்ணுடல், சாதி, வேட்கை ஆகிய மூன்றையும் ஒன்றோடொன்று பிணைத்து எழுதியவர் என்ற வகையில் 2000களின் தமிழ்க் கவிதையில் குறிப்பிடத்தக்க இடம் பெறுகிறார். தலித் இலக்கியம், பெண்ணியக் கவிதை என்னும் இரு தளங்களிலும் இவரது படைப்புகள் வைத்துப் பேசப்படுகின்றன.

வாழ்க்கை

இவர் இன்றைய இராணிப்பேட்டை மாவட்டத்தில் உள்ள லாலாப்பேட்டையைச் சேர்ந்தவர். 2019 வரை இப்பகுதி வேலூர் மாவட்டத்தில் அடங்கியிருந்தது. அரசுப் பள்ளியில் தமிழாசிரியராகப் பணியாற்றியபடியே கவிதைகளை எழுதி வந்தார்.

கவிதைகளின் இயல்பு

பெண்ணின் வேட்கையைப் பெண்குரலிலேயே கூறுவது தமிழுக்குப் புதிதன்று. சங்க காலத்து வெள்ளிவீதியார் பாடல்களிலும் ஆண்டாளின் நாச்சியார் திருமொழியிலும் அதனைக் காணலாம். எனினும் சாதியால் ஒதுக்கப்பட்ட பெண்ணின் உடல் அம்மரபில் பேசும் இடத்தைப் பெற்றிருக்கவில்லை. சுகிர்தராணியின் கவிதைகள் அவ்வுடலிலிருந்து எழுகின்றன. இவற்றில் உடல் இன்பத்தின் இடமாகவும், சாதியும் ஆணாதிக்கமும் வன்முறை நிகழ்த்தும் இடமாகவும் ஒருங்கே அமைகிறது. மலை, ஆறு, காடு முதலிய இயற்கைப் பொருள்கள் பெண்ணுடலோடு இணைத்துப் பேசப்படுகின்றன.

சிறுவயதில் தன் சாதியையும் தந்தையின் தொழிலையும் பிறரிடம் மறைத்த ஒருத்தி, பின்னர் தன் அடையாளத்தைத் தயக்கமின்றிக் கூறும் நிலைக்கு வருவதைச் சொல்லும் கவிதை பரவலாக அறியப்பட்டது.

எதிர்ப்புகள்

2000களின் தொடக்கத்தில் மாலதி மைத்ரி, சல்மா, குட்டி ரேவதி, சுகிர்தராணி ஆகியோரின் உடல்மொழிக் கவிதைகள் ஆபாசமானவை என்று கடுமையாகத் தாக்கப்பட்டன. பெண்ணுடலை ஆண்கள் வருணித்தபோது எழாத கேள்வி, பெண்கள் எழுதியபோது மட்டும் எழுவது ஏன் என்பது இவர்கள் தரப்பின் வாதமாக இருந்தது.

2021 ஆகத்தில் தில்லிப் பல்கலைக்கழகம் தன் ஆங்கில இலக்கியப் பாடத்திட்டத்திலிருந்து இவரது இரு கவிதைகளை நீக்கியது. மகாசுவேதா தேவியின் 'திரௌபதி' சிறுகதையும் பாமாவின் 'சங்கதி'யும் அப்போது உடன் நீக்கப்பட்டன. இம்முடிவுக்கு எழுத்தாளர்களும் கல்வியாளர்களும் எதிர்ப்புத் தெரிவித்தனர்.

விருது மறுப்பு

2023 பெப்ரவரியில் நாளிதழ்க் குழுமம் ஒன்றின் 'தேவி' விருதுக்கு இவர் தேர்ந்தெடுக்கப்பட்டார். நிகழ்வின் முதன்மைப் புரவலர் அதானி குழுமம் என அறிந்ததும், தாம் கொண்ட அரசியலுக்கும் எழுத்துக்கும் அது உகந்ததன்று எனக் கூறி விருதை ஏற்க மறுத்தார்.

மொழிபெயர்ப்பும் ஆவணப்படமும்

மேற்கூறிய நால்வரின் கவிதைகளையும் லட்சுமி ஓம்சுத்திரோம் ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தார். அத்தொகுப்பு 2012 இல் வெளிவந்தது. அஞ்சலி மொந்தேரோ, கே. பி. ஜெயசங்கர் ஆகியோர் 2005 இல் இயக்கிய ஆவணப்படமொன்று இந்நால்வரைப் பற்றியது.

கவிதைத் தொகுப்புகள்

* கைப்பற்றி என் கனவு கேள் (2002)
* இரவு மிருகம் (2004)
* அவளை மொழிபெயர்த்தல் (2006)
* தீண்டப்படாத முத்தம் (2010)
* இப்படிக்கு ஏவாள் (2016)