அந்தர் பல்டியும் கோவளத்து அலையும்

திண்டுக்கல் பக்கம் லீவு விட்டா தோட்டத்துக் கிணறுதான் எங்களுக்கு எல்லாம். மேட்டுல இருந்து ஓடிவந்து அந்தர் பல்டி. மார்க் போட யாரும் இல்லை, தோட்டக்காரர் திட்டு மட்டும் உண்டு :-)

அதனாலயோ என்னமோ, டிவியில பனிச்சறுக்குக்காரன் ஆகாசத்துல பல்டி அடிச்சப்போ அட, நம்மாளு-ன்னு தோணிச்சு. பனின்னா கொடைக்கானல் உறைபனியைத் தாண்டி எனக்கு ஒண்ணும் தெரியாதுங்கறது வேற விஷயம்.

தேடிப் பார்த்தா அதுவும் கிணத்துமேட்டுக் கதைதான். நார்வேயின் ஸ்டெய்ன் எரிக்சன், 1952 ஒஸ்லோ ஒலிம்பிக்கில் தங்கம் வாங்கியவர். பிறகு அமெரிக்கா போய், வேடிக்கை பார்க்க வந்தவங்களுக்காகப் பல்டி அடிச்சுக் காட்டினார். 1970கள்ல இளவட்டங்கள் அதைப் பிடிச்சுக்கிட்டாங்க. சர்வதேச சம்மேளனம் இதை விளையாட்டுன்னு ஒத்துக்கிட்டது 1979ல. முதல் ஒலிம்பிக் பதக்கம் 1992ல.

சரி, நம்ம ஊருக்கு வருவோம். இங்கே பனி இல்லை, அலை இருக்கு. சென்னைக்குத் தெற்கே, கிழக்குக் கடற்கரைச் சாலையில் உள்ள கோவளம் (கேரளாவுது இல்லீங்க). கட்டுமரத்துல அலையைத் தாண்டிப் போய்வர்றது அங்கே தொழில். 'கேட்டமரான்'ங்கற இங்கிலீஷ் வார்த்தையே நம்மகிட்ட இருந்து போனதுதான். அந்த ஊர் மீனவர் மூர்த்தி மேகவன் சின்ன வயசுல மரப்பலகையை வெச்சு அலையில விளையாடினவர். பின்னாடி வெளிநாட்டுக்காரர் ஒருத்தரோட சர்ஃப் பலகையை வாங்கி ஏறிப் பார்த்தார், விடலை. ஊர்ப் பசங்களுக்கும் சொல்லிக்கொடுத்தார். 2012ல பள்ளி, 2013ல அலைச்சறுக்குத் திருவிழா.

எனக்குப் பிடிச்சது அவர் போட்ட ரூல். பலகை வேணுமா? சிகரெட், குடி ரெண்டும் கூடாது. பனிச்சறுக்குக்கு வந்த ரூல் ஆபத்தைக் குறைக்க. இவர் ரூல் பசங்க உருப்பட.

2023 ஆகஸ்ட்ல பக்கத்து மாமல்லபுரத்துல உலக அலைச்சறுக்கு லீக் போட்டியே நடந்துச்சு. 2025 ஆகஸ்ட்ல அதே கரையில ஆசியப் போட்டி. கர்நாடகாவின் ரமேஷ் புதிஹால் வெண்கலம் வாங்கினார்.

எங்க செட்டுல ஒருத்தன் இருந்தான். என்னைவிடப் பத்து மடங்கு சுத்தமா பல்டி அடிப்பான். பத்தாவதோட நூல் மில்லுக்குப் போயிட்டான். நான் இன்ஜினியரிங் படிச்சேன். எங்க கிணத்துமேட்டுக்கு ஒரு மூர்த்தி அண்ணன் வரலை, அவ்வளவுதான்.