நூல் யார் கையில்: சேலம் அம்மாபேட்டை நெசவில் தலைமை வளர்ந்த வரலாறு

1906ஆம் ஆண்டு சென்னை மாகாண அரசு சேலத்தில் ஒரு நெசவுச் சாலையைத் திறந்தது. அதை முன்னின்று நடத்தியவர் ஆல்பிரட் சாட்டர்டன். சென்னைப் பொறியியல் கல்லூரியில் பேராசிரியராக இருந்தவர். அலுமினியப் பாத்திரத் தொழிலை இந்த மாகாணத்தில் ஊன்றியவர். குரோம் முறையில் தோல் பதனிட முடியும் என்று செய்து காட்டியவர். நெசவாளர்களை ஒரே கூரையின்கீழ்ச் சேர்த்து, கயிற்றை இழுத்தால், குறுக்கு நூலைக் கொண்டுபோகும் நாடா தானே ஓடும் தறிகளைக் கொடுத்துக் கூலிக்கு நெய்யவிட்டால், கைத்தறியும் ஆலையோடு போட்டி போடும் என்பது அவர் கணக்கு. கணக்கு சரிதான். நெசவாளர்கள்தான் வரவில்லை. வந்தவர்களும் ஒழுங்காக நிற்கவில்லை. 1910இல் இந்தியாவுக்கான அமைச்சர் மார்லி, அரசு தானே தொழில் நடத்தக்கூடாது என்று லண்டனிலிருந்து எழுதினார். சாலை மூடப்பட்டது.

சாட்டர்டனின் தோல்வியை எழுதுகிறவர்கள் பெரும்பாலும் மார்லியையும், அவரை நெருக்கிய ஐரோப்பிய வணிகர்களையும் காட்டிவிட்டுப் போய்விடுகிறார்கள். அதில் உண்மை உண்டு. ஆனால் மார்லி கடிதம் எழுதுவதற்கு முன்பே சேலத்து நெசவாளர் தம் தீர்ப்பைச் சொல்லிவிட்டார்கள். ஊர் முழுக்கத் தறிச் சத்தம் கேட்கும் நகரத்தில் அரசின் தறிகளுக்கு ஆள் கிடைக்கவில்லை என்றால், கேள்வியை லண்டனில் கேட்பதைவிட அம்மாபேட்டைத் தெருவில் கேட்பது நல்லது.

சேலத்தின் கிழக்குப் பக்கம் உள்ள அம்மாபேட்டை செங்குந்தர் நிறைந்த நெசவுப் பகுதி. குகைப் பக்கம் தேவாங்கர்கள். நகரின் வேறு பகுதிகளில் சௌராட்டிரர்கள். வீட்டின் முன்கட்டில் குழித்தறி இருக்கும். ஆண் தறிக்குழியில் இறங்கி உட்கார்ந்தால், மனைவியும் பிள்ளைகளும் தார் சுற்றுவார்கள். வயதானவர்கள் இழை பிணைப்பார்கள். பாவுக்கு, அதாவது நீளவாட்டு நூலுக்கு, கஞ்சி போடும் வேலை வீட்டுக்குள் அடங்காது. வெயில் ஏறுவதற்குள், நீளமான திறந்தவெளியில், பாவை முழுசாக விரித்து, பலர் சேர்ந்து செய்ய வேண்டும். சேலம் வட்டாரத்தில் அந்த இடத்துக்குப் பாவடி என்று பெயர். இன்று பாவு விரிக்காத ஊர்களிலும் பாவடித் தெரு இருக்கிறது. இன்றைக்கு என் பாவுக்கு நீ, நாளைக்கு உன் பாவுக்கு நான் என்ற ஏற்பாடு இல்லாமல் ஒரு முழத் துணிகூட நெய்ய முடியாது. சாட்டர்டனின் சாலை இவ்வளவிலிருந்தும் ஓர் ஆணின் இரண்டு கைகளை மட்டும் பிரித்தெடுத்துக் கூலி கொடுக்கப் பார்த்தது. வீட்டு வேலை கூலியில்லாமல் போனது. தெரு உறவு அறுந்தது. நூல் கொடுத்துத் துணி வாங்கும் மாஸ்டர் வீவரிடம் வாங்கிய முன்பணம் மட்டும் அப்படியே நின்றது.

நெசவில் தலைமை என்பது என்ன என்பதை இங்கிருந்து விளக்கலாம். நூல் வாங்கும் நாளுக்கும் துணி விற்றுக் காசாகும் நாளுக்கும் நடுவே சில வாரங்கள், சில சமயம் சில மாதங்கள் ஓடும். அந்த இடைவெளியில் நூல் விலை இறங்கலாம், துணி தேங்கலாம், குழந்தைக்குக் காய்ச்சல் வரலாம். அந்த இடைவெளியை யார் தாங்குகிறாரோ அவர் சொல்லுக்கு நெசவாளர் கட்டுப்பட்டார். பட்டமும் பரம்பரையும் பேச்சுத் திறனும் அதற்குப் பிறகுதான். சேலத்து நெசவின் வரலாற்றை இந்த ஒரு கோட்டில் வைத்துப் படித்தால் பல விஷயங்கள் தெளிகின்றன.

நாடும் பெரியதனமும்

செங்குந்தரின் பழைய பெயர் கைக்கோளர். சோழர் கல்வெட்டுகளில் ‘தெரிஞ்ச கைக்கோளர்’ என்ற படைப்பிரிவுகள் வருகின்றன. அவர்கள் எல்லாரும் நெசவாளர்தானா என்பதில் அறிஞர்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. அந்த வாதத்தை இங்கே நீட்ட வேண்டியதில்லை. விஜயநகரக் காலத்துக் கல்வெட்டுகளில் கைக்கோளர் கோயிலோடும் சந்தையோடும் சேர்ந்த நெசவுக் குடியாகத் தெளிவாகவே தெரிகிறார்கள். 15ஆம் நூற்றாண்டில் தண்டு என்னும் பல்லக்கும் சங்கும் பயன்படுத்தும் உரிமையைக் கேட்டுப் பெறுகிறார்கள். 1429இல் சோழ மண்டலத்தில் வலங்கை, இடங்கைச் சாதிப் பிரிவினர் வரிக்கொடுமைக்கு எதிராக ஒன்றாக நின்று செய்த தீர்மானங்களைப் பொறித்த கல்வெட்டுகளும் கிடைத்திருக்கின்றன. அவற்றில் பேசுவது கூட்டம். தனித்தலைவர் ஒருவர் பெயரைத் தேடிப் படிப்பவர் ஏமாந்துபோவார்.

இந்தக் கூட்டத் தலைமையின் பிந்தைய வடிவத்தைச் சேலம், ஈரோடு வட்டாரத்தில் தங்கி ஆராய்ந்தவர் அமெரிக்க மானிடவியலாளர் மாட்டிசன் மைன்ஸ். 1984இல் அவர் நூல் வந்தது. செங்குந்தர் தம்மை எழுபத்திரண்டு நாடுகளாகப் பிரித்துக்கொண்டதையும், காஞ்சிபுரம் அவற்றுக்கெல்லாம் மேலான மகாநாடாக இருந்ததையும் அவர் விரிவாக எழுதுகிறார். தகராறு தீர்ப்பது, அபராதம் போடுவது, கோயில் காரியம், தலைக்கட்டு வரி எல்லாம் நாட்டாண்மைக்காரர், பெரியதனக்காரர் பொறுப்பு. சேலத்தில் ஆடி மாதம் மாரியம்மன் பண்டிகையில் வண்டி வேடிக்கை நடத்துவதைப் பார்த்தவர்களுக்கு, ஒரு தெரு தன்னைத்தானே நடத்திக்கொள்ளும் திறன் என்ன என்று சொல்ல வேண்டியதில்லை. மைன்ஸ் பெரிய மனிதரின் பெயருக்கும் கொடைக்கும் அழுத்தம் கொடுக்கிறார். எனக்கென்னவோ கொடையைவிடக் கடன் கணக்கே கனமாகத் தெரிகிறது. பெரியதனக்காரர் தகராறைத் தீர்க்கலாம். நூல் விலையை அவரால் தாங்க முடியாது. உள்ளூர்ப் பெண்கள் நூற்ற நூலைச் சந்தையில் கொஞ்சம் கொஞ்சமாக வாங்கி நெய்த காலத்தில் அது குறையாகத் தெரியவில்லை.

மூன்றாம் மைசூர்ப் போருக்குப் பின், 1792இல் சேலமும் பாராமகால் பகுதியும் கிழக்கிந்தியக் கம்பெனி கைக்கு வந்தன. சேலத்தில் கம்பெனியின் வணிக அதிகாரி உட்கார்ந்து முன்பணம் கொடுத்துத் துணி வாங்கினார். 1833 சாசனச் சட்டத்தோடு கம்பெனியின் வணிகமே நின்றது. பிறகு லங்காஷயர் ஆலை நூல் வந்தது. 1860களில் ரயிலும் வந்தது. நூல் இப்போது சந்தைப் பெண்ணின் கூடையில் வரவில்லை. துறைமுகத்திலிருந்து பேல் பேலாக, கடனுக்கு, வியாபாரி வழியாக வந்தது. பேலைப் பிரித்துத் தறிக்குக் கொடுத்து, துணியாகத் திரும்ப வாங்கிக் கூலி கணக்குப் பார்ப்பவரே மாஸ்டர் வீவர். அவரும் பெரும்பாலும் அதே சாதி, அதே தெரு. திருவிழாச் செலவில் அவர் பங்குதான் பெரியது. நாட்டாண்மை ஒழியவில்லை, அதன் நாற்காலியில் நூல் வைத்திருப்பவர் உட்கார்ந்துகொண்டார். அவரைச் சுரண்டுபவர் என்று மட்டும் எழுதுவது பாதி உண்மை. துணி தேங்கிய மாதங்களில் தறியை நிற்கவிடாமல் ஓட்டியதும் அவர்தான். அந்தச் செயலாலேயே நெசவாளர் அவருக்குக் கட்டுப்பட்டுக் கிடந்தார்.

ஆளைத் தேடிய சட்டம்

சாட்டர்டனுக்குப் பத்தாண்டு முன்பே இன்னொரு அதிகாரி இதே முடிச்சை வேறு முனையில் பிடித்தார். கோயம்புத்தூர் மாவட்டக் கையேட்டை எழுதிய பிரெடரிக் நிக்கல்சன், மாகாண அரசு கேட்டுக்கொண்டபடி ஐரோப்பியக் கடன் சங்கங்களை ஆராய்ந்து 1895இலும் 1897இலும் இரண்டு பகுதிகளாக அறிக்கை கொடுத்தார். ஜெர்மனியின் ரைன் பகுதிக் கிராமங்களில் ஊர்த்தலைவராக இருந்துகொண்டே கடன் சங்கம் கட்டிய ரைஃபைசன் அவருக்கு முன்மாதிரி. நூற்றுக்கணக்கான பக்கங்களின் சாரமாக நிக்கல்சன் சொன்னது, சட்டத்தைவிட அப்படிப்பட்ட ஓர் ஆளைக் கண்டுபிடிப்பதே பெரிய வேலை என்பது. அரசுக்குச் சட்டம் போடுவது எளிது. 1904இல் கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம் வந்தது.

அந்தச் சட்டம் கடனுக்கு மட்டுமே இடம் கொடுத்தது. நெசவாளருக்கு அது பாதி மருந்துதான். கடன் பழைய கடனை அடைக்கப் போகும். நூலும் சந்தையும் வியாபாரியிடமே இருக்கும். உற்பத்திக்கும் விற்பனைக்கும் சங்கம் வைக்கலாம் என்று 1912 சட்டம் வாசலைத் திறந்தது. இங்கிலாந்தின் ராக்டேலில் 1844இல் 28 பேர் தொடங்கிய புகழ்பெற்ற சங்கத்திலும் நெசவாளர்கள் இருந்தார்கள். ஆனால் அவர்கள் வைத்தது மாவும் வெண்ணெயும் விற்கும் கடை. துணி நெய்து விற்கும் சங்கம் அதைவிடப் பல மடங்கு கடினம், ஏனென்றால் மேலே சொன்ன இடைவெளி முழுவதும் சங்கத்தின் தலையில் விழுகிறது.

1935இல் சென்னை மாகாணக் கைத்தறி நெசவாளர் கூட்டுறவுச் சங்கம் உருவானது. இன்று நாம் கோ-ஆப்டெக்ஸ் என்று சொல்வது அதைத்தான். ஊர்ச் சங்கம் நூலை மொத்தமாகப் பெறும். உறுப்பினர் வீட்டிலேயே நெய்வார். துணியைச் சங்கம் எடுத்துக்கொள்ளும். விற்காததை மாகாணச் சங்கம் விற்கும். சாட்டர்டன் நெசவாளரை வீட்டுத் தறியிலிருந்து இடம்பெயர்க்கப் பார்த்தார். இந்த ஏற்பாடு தறியை வீட்டிலேயே விட்டுவிட்டு, நூலையும் விற்பனையையும் மட்டும் இடம்பெயர்த்தது. அவர் கொண்டுவந்த நாடாத் தறியை நெசவாளர் வெறுக்கவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். பி. ஜே. தாமஸ் தலைமையில் கைத்தறியையும் ஆலைகளையும் ஆராய்ந்த உண்மை அறியும் குழு 1942இல் அறிக்கை கொடுத்தபோது, மாகாணத்துத் தறிகளில் மிகப் பெரும்பாலானவை அந்த வகைக்கு மாறியிருந்தன. கருவியை எடுத்துக்கொண்டார்கள், கூரையை மறுத்தார்கள்.

சங்கங்களை நடத்த ஆள் எங்கிருந்து வந்தார்கள்? பெரும்பாலும் அதே நாட்டாண்மை மரபிலிருந்தும் புதிதாக எழுந்த சாதிச் சங்கங்களிலிருந்தும்தான். சென்னிமலையில் 1941இல் சென்டெக்ஸ் சங்கத்தைத் தொடங்கிய எம். பி. நாச்சிமுத்து இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. சொந்த ஊரில் அவர் பெற்றிருந்த நம்பிக்கை சங்கத்தின் முதல் மூலதனமாக இருந்தது. பிறகு மாகாண அளவிலான கைத்தறிச் சங்கத்தின் தலைமைக்கும் அவர் போனார். நிக்கல்சன் தேடிய ஆள் அதிகாரிகளின் பட்டியலில் இல்லை, பாவடியில் இருந்தார்.

பஞ்சமும் தேக்கமும்

இரண்டாம் உலகப் போர்க் காலத்திலும் அதன் பின்னும் நூலுக்குக் கட்டுப்பாடு வந்தது. சங்கத்தில் பெயர் இருந்தால் பங்கீட்டு நூல் கிடைக்கும், இல்லாவிட்டால் கள்ளச்சந்தை. உறுப்பினர் எண்ணிக்கை ஏறியது. கூட்டுறவுக் கொள்கை திடீரென்று நெஞ்சில் பாய்ந்ததால் அல்ல, நூல் சங்கத்தின் கைக்கு வந்ததால்.

1952இல் நிலைமை தலைகீழானது. நூல் கிடைத்தது, துணி விற்கவில்லை. நெசவாளர் குடும்பங்களுக்குக் கஞ்சி ஊற்ற வேண்டிய நிலை. அப்போது முதலமைச்சராக இருந்தவர் ராஜாஜி. சேலத்தில் வக்கீல் தொழில் செய்து, அந்நகராட்சித் தலைவராகவும் இருந்தவர். 1925இல் திருச்செங்கோட்டுக்கு அருகே புதுப்பாளையத்தில் காந்தி ஆசிரமம் தொடங்கியவர். வேட்டியும் சேலையும் கைத்தறிக்கே என்று ஒதுக்க வேண்டும் என அவர் டெல்லியை வற்புறுத்தினார். ஆலைகளின் வேட்டி உற்பத்தியை முன்பிருந்ததில் 60 விழுக்காட்டோடு நிறுத்த மத்திய அரசு ஒப்புக்கொண்டது. 1953 ஜனவரியில், நெசவாளர் குடும்பத்தில் பிறந்த அண்ணா திருச்சித் தெருக்களில் கைத்தறித் துணியைச் சுமந்து விற்றார். அரசியலில் எதிரெதிர் முனையில் நின்ற இருவரும் ஒரே தேங்கிய துணிக்காக நின்றார்கள். அந்த ஆண்டே ஆலைத்துணிக்குக் கஜத்துக்கு 3 பை கூடுதல் வரி விதிக்கும் சட்டம் வந்தது. ரூபாய்க்கு 192 பை என்றிருந்த காலம் அது. அந்தப் பணத்திலிருந்து கைத்தறிக்குத் தள்ளுபடி, நடைமுதல், விற்பனைக் கடைகள் வந்தன.

இது பெரிய உதவி. சங்கத் தலைமையின் இயல்பும் இதோடு மாறியது. இடைவெளியைத் தாங்குவது இப்போது அரசு. தலைவரின் வேலை தள்ளுபடித் தொகையை வாங்கி வருவது, கோப்பை நகர்த்துவது, அமைச்சரைச் சந்திப்பது என்றானது. துணி வடிவமைப்பும் சந்தையும் அறிந்தவரைவிட அலுவலகம் அறிந்தவருக்கு மதிப்பு கூடியது. தறியே இல்லாதவர்கள் பெயரில் காகிதத்தில் ஓடிய போலிச் சங்கங்கள், சங்கத்தின் பெயரில் தன் வியாபாரத்தையே நடத்திய மாஸ்டர் வீவர்கள் என்று தமிழ்நாடு முழுக்கக் குற்றச்சாட்டுகள் எழுந்தன. இன்னொரு குறை பழையது. நாட்டுக் கூட்டத்திலும் சரி, தறிக்கு ஓர் உறுப்பினர் என்ற சங்கத்திலும் சரி, தார் சுற்றிய பெண்ணின் பெயர் வெகுகாலம் ஏறவில்லை. நாடா ஒருமுறை ஓட, அவள் சுற்றிய நூல்தான் ஓட வேண்டும்.

1960இல் மத்திய அரசு சேலத்தில் கைத்தறித் தொழில்நுட்பக் கல்வி நிலையத்தை அமைத்தது. சாட்டர்டனின் சாலைக்கு 54 ஆண்டுகளுக்குப் பின் அரசு மீண்டும் இதே ஊருக்கு வந்தது, இம்முறை முதலாளியாக அல்ல, ஆசிரியராக. சேலம் வெண்பட்டு புவிசார் குறியீடு பெற்றிருக்கிறது. அம்மாபேட்டை இன்று சேலம் மாநகராட்சியின் நான்கு மண்டலங்களில் ஒன்றுக்குப் பெயர்.

சேலம், நாமக்கல் வட்டாரத்தில் கைத்தறியின் இடத்தைப் பெருமளவு விசைத்தறி பிடித்துக்கொண்டது. அங்கே பாவு நூலை ஜவுளி உற்பத்தியாளர் கொடுக்கிறார். தறிக்காரர் கூலிக்கு ஓட்டுகிறார். 19ஆம் நூற்றாண்டின் ஏற்பாடு மோட்டாரோடு திரும்பி வந்திருக்கிறது. 2023இல் தமிழக அரசு இரண்டு மாதத்துக்கான இலவச மின்சாரத்தைக் கைத்தறிக்கு 200இலிருந்து 300 யூனிட்டாகவும், விசைத்தறிக்கு 750இலிருந்து 1000 யூனிட்டாகவும் உயர்த்தியது. தறிக்காரர் சங்கங்கள் கேட்டுவந்தது அது. கூலி உயர்வுப் பேச்சுவார்த்தைகளும் அவ்வப்போது நடக்கின்றன. ஆனால் அந்த மேசையில் நூல் விலை பேசப்படுவதில்லை. அது மேசைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருப்பவரின் கணக்கு.