கேசட் காலம் – 9: டைரி எழுதிய பெண்கள்

1984-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் சோனி கம்பெனிக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்ததைச் சென்ற வாரம் பார்த்தோம். வீட்டில் வி.சி.ஆர். வைத்துக்கொள்ள இனிச் சிக்கல் இல்லை. சரி, அதில் எதைப் போட்டுப் பார்ப்பது? அந்தக் கேள்விக்குத் தன் பேனாவால் பதில் சொன்னவர்களில் ஒருவர், திரைக்கதை எழுத்தாளர் பாட்ரீசியா லூசியானா நாப்.

அவர் ஒன்றும் பெரியவர்களுக்கான காதல் கதையோடு எழுத வந்தவர் அல்ல. 1979-இல் பிரெஞ்சு இயக்குநர் ழாக் டெமிக்காக அவர் எழுதியது 'லேடி ஆஸ்கர்'. ஜப்பானிய காமிக்ஸிலிருந்து எடுத்த கதை. ஆண்பிள்ளையாக வளர்க்கப்பட்டு அரண்மனைக் காவலுக்குப் போகும் பெண்ணைப் பற்றியது.

1986-இல் 'நைன் அண்ட் எ ஹாஃப் வீக்ஸ்' வந்தது. கணவர் ஸல்மன் கிங், சாரா கெர்னோகன் ஆகியோருடன் சேர்ந்து எழுதிய படம். ஃபிரிட்ஜ் கதவு திறந்து கிடக்க, கண்ணை மூடிக்கொண்டு தரையில் உட்கார்ந்திருக்கும் கிம் பேசிங்கருக்கு மிக்கி ரூர்க் ஸ்ட்ராபெர்ரி ஊட்டுவார். நடுவே மிளகாயையும் நீட்டிவிடுவார்! சுமார் 1.7 கோடி டாலர் செலவில் எடுத்த படம், அமெரிக்கத் தியேட்டர்களில் 70 லட்சம்கூட வசூலிக்கவில்லை. வெளிநாடுகளும் வீடியோ கடைகளும்தான் அதைக் கரையேற்றின. தியேட்டர் வரிசையில் தெரிந்தவர் கண்ணில் பட்டால் சங்கடம். கேசட்டுக்கு அந்தத் தொல்லை இல்லையே.

அடுத்து 'வைல்ட் ஆர்க்கிட்'. பெரியவர்களுக்கு மட்டும் என்ற எக்ஸ் சான்றிதழ் என்றால் அன்று பல பத்திரிகைகள் விளம்பரமே வாங்கவில்லை. அதனால் தியேட்டருக்கு வெட்டிய பிரதி போனது. வெட்டாத பிரதி கேசட்டில் வந்தது. கதை சுமார்தான் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

நாப், கிங் தம்பதியின் உண்மையான கெட்டிக்காரத்தனம் 1992-இல் ஷோடைம் சேனலுக்கு எழுதிய 'ரெட் ஷூ டயரீஸ்' படம். தற்கொலை செய்துகொண்ட காதலியின் டைரியைப் படிக்கிறான் ஜேக் என்ற கட்டடக்கலைஞன். அவளுக்கு இன்னொருவனோடு உறவு இருந்தது தெரிகிறது. ஏன் என்று புரியவில்லை. 'பெண்களே, உங்கள் டைரிகளை எனக்கு அனுப்புங்கள்' என்று பேப்பரில் விளம்பரம் கொடுக்கிறான்.

அவ்வளவுதான், கதைகளுக்குப் பஞ்சமே இல்லை! படம் தொடராக வளர்ந்தது. வாரம் ஒரு கடிதம், புதுக் கதாநாயகி, புது ஊர். சொல்வது பெரும்பாலும் பெண்தான். ஜேக்காக வந்த டேவிட் டுகோவ்னி, நாயோடு நடந்து கடிதத்தைப் பிரித்துவிட்டுப் போவார். சில நிமிட வேலை. 1993-இல் 'எக்ஸ் ஃபைல்ஸ்' தொடர் அவரை உலகறியச் செய்த பிறகும் இதில் தொடர்ந்தார்.

தொடர்ச்சி இல்லாத அரை மணி நேரக் கதைகள் என்பதால் மூன்றைச் சேர்த்தால் ஒரு முழுநீளப் படம். அப்படித்தான் ஒன்றன்பின் ஒன்றாகக் கேசட்டுகள் வந்தன. தியேட்டர் பக்கமே போகாமல் கடை அலமாரிக்கு நேராக வந்த சரக்கு. அதே பாணியில் எடுத்துத் தள்ளிய பலர் சதையை மட்டும் பிடித்துக்கொண்டு கடிதத்தை விட்டுவிட்டார்கள். நாப் கதையில் ஒரு பெண் தன் ஆசையைத் தானே சொல்கிறாள். அவர்களுடையதில் அவளுக்குச் சொல்ல எதுவுமே இல்லை.

தொடர் 1997 வரை ஓடியது. அதே ஆண்டு அமெரிக்கக் கடைகளில் டி.வி.டி. வந்து இறங்கியது. அந்தக் கதை அடுத்த வாரம்.