ஆனந்த் பட்வர்தன்

ஆனந்த் பட்வர்தன் (பிறப்பு: 18 பிப்ரவரி 1950, மும்பை) இந்திய ஆவணப்பட இயக்குநர். குடிசை அகற்றம், மதவாதம், அணு ஆயுதம், சாதி ஒடுக்குமுறை ஆகியவற்றைப் பற்றி அரை நூற்றாண்டாகப் படம் எடுத்துவருபவர். எடுத்த படத்தை வெட்டாமல் மக்களிடம் கொண்டுசேர்க்க அவர் நடத்திய வழக்குகளும் அவருடைய பணியின் அங்கமே.

தொடக்கம்

அமெரிக்காவின் பிராண்டைஸ் பல்கலைக்கழகத்தில் சமூகவியல் படித்தபோது வியட்நாம் போர் எதிர்ப்பில் பங்கேற்றார். நாடு திரும்பியபின், 1974இல் ஜெயப்பிரகாஷ் நாராயண் தலைமையில் பீகாரில் எழுந்த இயக்கத்தை சூப்பர்-8 கேமராவில் பதிவுசெய்தார். அந்தப் படச்சுருளைத் திரையில் ஓடவிட்டு, அதை 16 மி.மீ. கேமராவில் மறுபடி படம்பிடித்தார். இப்படி உருவான ‘கிராந்தி கி தரங்கேன்’, நெருக்கடி நிலைக் காலத்தில் மறைவாகவே காட்டப்பட்டது. அடுத்து வந்த ‘ஜமீர் கே பந்தி’ (1978) அரசியல் கைதிகளைப் பற்றியது.

முக்கியப் படங்கள்

‘ஹமாரா ஷஹர்’ (1985) மும்பைக் குடிசைவாசிகளின் கதை. ‘ராம் கே நாம்’ பாபர் மசூதி இடிக்கப்படுவதற்கு முன்பே முடிக்கப்பட்டது. அயோத்தியில் நீதிமன்றம் நியமித்த பூசாரி லால்தாஸ், ராமர் பெயரால் நடக்கும் அரசியலை அதில் கண்டிக்கிறார். 1993இல் அவர் கொல்லப்பட்டார். 1997இல் மும்பை ரமாபாய் நகரில் போலீஸ் சுட்டதில் தலித்துகள் பத்துப்பேர் இறந்தனர். அதைத் தாங்க முடியாமல், ‘ஹமாரா ஷஹர்’ படத்தில் பாடிய கவிஞர் விலாஸ் கோக்ரே தற்கொலை செய்துகொண்டார். அந்த மரணத்தில் தொடங்கிய ‘ஜெய் பீம் காம்ரேட்’, 14 ஆண்டுப் படப்பிடிப்புக்குப் பின் 2011இல் நிறைவடைந்தது.

வழக்குகள்

‘ராம் கே நாம்’ உயர் நீதிமன்ற உத்தரவுக்குப் பிறகே 1997இல் தூர்தர்ஷனில் வந்தது. அணுகுண்டுச் சோதனைகளைக் கேள்விகேட்ட ‘ஜங் அவுர் அமன்’ படத்தில் 21 இடங்களை வெட்டச் சொன்னது தணிக்கை வாரியம். அவர் மறுத்தார், மும்பை உயர் நீதிமன்றம் 2003இல் வெட்டின்றி அனுமதித்தது. ஆண்மையையும் மதவெறியையும் இணைத்துப் பார்க்கும் ‘பித்ரு, புத்ர அவுர் தர்மயுத்’ படத்தை ஒளிபரப்புமாறு 2006இல் தூர்தர்ஷனுக்கு உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது. ‘விவேக்’ (2018) ஆம்ஸ்டர்டாம் விழாவில் விருது பெற்றது. ஆனாலும் 2019இல் திருவனந்தபுரம் விழாவில் அதைத் திரையிடக் கேரள உயர் நீதிமன்றத்தின் அனுமதி வேண்டியிருந்தது.

பாணி

பெரும்பாலும் தாமே கேமராவைப் பிடித்து, தாமே படத்தொகுப்பும் செய்பவர். விளக்கவுரை குறைவு, கேமராவுக்குப் பின்னாலிருந்து எளிய கேள்வி ஒன்றைக் கேட்டுவிட்டு, பதில் சொல்பவரைப் பேசவிடுவார். படம் யாரைப் பற்றியதோ அவர்கள் அதைப் பார்த்தாக வேண்டும் என்பதில் பிடிவாதம் உண்டு: மூன்று மணி நேரத்தைத் தாண்டும் ‘ஜெய் பீம் காம்ரேட்’, பைக்குல்லாவின் தொழிலாளர் குடியிருப்பில் திறந்தவெளியில் திரையிடப்பட்டது.