சைட் திட்டமும் சிறார் கல்வித் தொலைக்காட்சியின் மொழியும்

இந்தியாவில் சிறாருக்கெனப் படம் எடுக்கும் முயற்சிக்கு நிறுவன வடிவம் தந்தது 1955இல் தோற்றுவிக்கப்பெற்ற குழந்தைகள் திரைப்படக் கழகமாகும். கேதார் சர்மா இயக்கிய ‘ஜல்தீப்’ (1956) அதன் தொடக்கக்காலப் படைப்பு. எனினும் திரையரங்கு இல்லாத சிற்றூர்களின் பள்ளிப் பிள்ளைகளைத் திரைப்படம் எளிதில் எட்டவில்லை. இவ்விடைவெளியை நிரப்ப முனைந்தது சைட் எனச் சுருக்கமாக வழங்கப்பெற்ற செயற்கைக்கோள் வழிக் கல்வித் தொலைக்காட்சிச் சோதனை. அச்சோதனையில் சிறாரின் மொழி பெற்ற இடத்தை இக்கட்டுரை ஆராய்கிறது.

1975 ஆகஸ்டு 1 முதல் 1976 ஜூலை 31 வரை, ஏடிஎஸ்-6 என்னும் அமெரிக்கச் செயற்கைக்கோளின் வழியாக ஆந்திரம், கர்நாடகம், ஒரிசா, பீகார், மத்தியப் பிரதேசம், இராசத்தான் ஆகிய ஆறு மாநிலங்களின் ஏறத்தாழ 2400 ஊர்களுக்கு நிகழ்ச்சிகள் சென்றன. காலையில் பள்ளிச் சிறாருக்கும் மாலையில் ஊர் மக்களுக்கும் ஒளிபரப்பு நடந்தது. தெலுங்கு, கன்னடம், ஒரியா, இந்தி ஆகியன நிகழ்ச்சி மொழிகள்.

ஒரே காட்சியுடன் இரு ஒலித்தடங்களை அனுப்பும் வசதி இத்திட்டத்தில் இருந்தது. இது இயக்குநருக்கு ஒரு புதிய வினாவை எழுப்பியது. திரையில் ஒருவர் நேர்முகமாகப் பேசினால் அவர்தம் வாயசைவு ஒரு மொழிக்கே பொருந்தும். இரு மொழியினர்க்கும் ஒரு காட்சி பொதுவாக வேண்டுமாயின் செயலும் பொருளும் காட்சியிலேயே விளங்க வேண்டும். சொல் பின்னணி உரையாக நிற்க வேண்டும். ஆகவே மொழி பற்றிய முடிவு படப்பிடிப்புக்கு முன்னரே எடுக்கவேண்டியதாயிற்று.

பயனை மதிப்பிட்ட ஆய்வுகள் தந்த முடிவு சிந்தனைக்குரியது. பள்ளிச் சேர்க்கையிலோ இடைநிற்றலிலோ குறிப்பிடத்தக்க மாற்றம் காணப்பெறவில்லை. பாடத் தேர்ச்சியும் உயரவில்லை. ஆனால் சிறாரின் மொழிவளமும் அறியும் ஆர்வமும் வளர்ந்திருந்தன. பிள்ளைகளைப் பள்ளியில் இருத்தும் ஆற்றல் தொலைக்காட்சிக்கு இல்லை என்பதும், அவர்தம் பேச்சை வளர்க்கும் ஆற்றல் அதற்கு உண்டு என்பதும் இதனாற் பெறப்படும்.

தமிழகம் அவ்வாறு மாநிலங்களுள் இடம்பெறவில்லை. சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்டு 15இல், சைட் தொடங்கிய இரு வாரங்களில் தோன்றியது. பின்னர் இன்சாட் திட்டத்தின்கீழ் ஆறு மாநிலங்களில் கல்வித் தொழில்நுட்ப நிறுவனங்கள் அமைந்தபோதும் தமிழ் விடுபட்டது. தாய்மொழிவழித் தொலைக்காட்சியின் முதன்மைப் பயன் மொழி வளர்ச்சியே எனின், தமிழ்ச் சிறார் அக்காலத்தில் இழந்தது ஒளிபரப்பு நேரம் மட்டுமன்று. தமக்கென ஒரு காட்சிமொழி உருவாகும் வாய்ப்பும் ஆகும்.